171 ரூபாய் அசல்: என் வீட்டுக் கடனோடு நாலேகால் வருடம்

போன வாரம் அலுவலகத்தில் பக்கத்து மேசைத் தம்பி தன் வீட்டுக் கடன் சாங்ஷன் லெட்டரைக் கொண்டுவந்து நீட்டினான். "அண்ணா, 7.40 போட்டிருக்காங்க, ஓகேதானே?" என்றான். என் கண் முதலில் போனது மேலே இருந்த கிளையின் பெயருக்கு. என் கடன் இருக்கும் அதே வங்கி, அதே கிளை. எனக்கு இந்த ஜனவரியில் ஓடுவது 8.05 சதவீத வட்டி. இன்னும் ஒரு தவணைகூடக் கட்டாதவனுக்கு 7.40, ஐம்பது தவணை தவறாமல் கட்டியவனுக்கு 8.05. அந்தக் கடுப்பில்தான் இதை எழுதுகிறேன். கடுப்பைக் கொஞ்சம் கழித்துவிட்டுப் படித்துக்கொள்ளுங்கள்.

கடனின் ஜாதகம் சுருக்கமாக: 2021 அக்டோபரில் 30 லட்சம், 20 வருடம், மாறும் வட்டி. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் புதிதாகக் கொடுக்கும் இந்த வகைக் கடன்களை வெளியில் இருக்கும் ஓர் அளவுகோலோடு கட்ட வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. என் வங்கி ரெப்போவை, அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் வட்டியை, பிடித்துக்கொண்டது. அப்போது ரெப்போ 4.00, அதன்மேல் வங்கி தனக்கென்று சேர்க்கும் ஸ்ப்ரெட் 2.80, ஆக 6.80. மாதத் தவணை 22,900. இருபது வருடத்தில் மொத்தம் கட்டப்போவது 54.96 லட்சம், அதாவது வட்டி மட்டும் 25 லட்சத்துக்குப் பக்கம். அந்தத் தொகையே எனக்கு அப்போது வயிற்றைக் கலக்கியது. உண்மையில் கலங்க வேண்டிய நேரம் இன்னும் வரவில்லை என்று தெரியாது.

ஏனென்றால் நானும் எல்லோரையும் போல இ.எம்.ஐ.யைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். சம்பளம் வரும், ஐந்தாம் தேதி 22,900 போகும், மிச்சத்தில் வீடு நடக்கும். 2022 மே மாதம் ரிசர்வ் வங்கி ரெப்போவை ஏற்ற ஆரம்பித்தது. 4.40, 4.90, 5.40, 5.90, 6.25, கடைசியாக 2023 பிப்ரவரியில் 6.50. பத்தே மாதத்தில் இரண்டரை சதவீதம். செய்தியில் ஒவ்வொரு முறையும் 'வீட்டுக் கடன் தவணை உயரும்' என்று போட்டார்கள். எனக்கு உயரவே இல்லை. ஐந்தாம் தேதி வந்தால் அதே 22,900. 'நம்ம வங்கி பரவாயில்லையே' என்று வீட்டில் பெருமையாகச் சொன்னதும் உண்டு. மனைவி அதை இன்னும் மறக்கவில்லை.

2023 ஜூனில், வேறு ஏதோ வேலைக்காகக் கடன் ஸ்டேட்மென்ட் எடுத்தேன். அலுவலகத்தில் பிரின்ட் போட்டுச் சாப்பாட்டு நேரத்தில் புரட்டினேன். ஏப்ரல்: தவணை 22,900, வட்டி 22,729, அசல் 171. ஏதோ எண் விட்டுப்போயிருக்கிறது என்று நினைத்தேன். மே: அசல் 172. ஜூன்: அசல் 173. எண் எதுவும் விட்டுப்போகவில்லை. 30 லட்சம் கடனில் அந்த மாதம் நான் அடைத்தது நூற்று எழுபத்து மூன்று ரூபாய். வருமான வரிக்கு, அசலுக்குச் சலுகை தரும் 80சியில் காட்டலாமே என்று பக்கத்து மேசைக்காரர் கேட்டார். அவர் கிண்டலாகக் கேட்கவில்லை என்பதுதான் வருத்தம்.

ஸ்டேட்மென்ட்டின் அடியில் இன்னொரு வரி இருந்தது. மீதமுள்ள தவணைகள்: அறுநூற்று முப்பதைத் தாண்டிய ஓர் எண். வகுத்துப் பார்த்தால் கிட்டத்தட்ட 53 வருடம். எனக்கு அப்போது வயது 38. கடன் முடியும்போது 91. அந்தக் கணக்கின்படி இனிமேல் கட்ட வேண்டியது மட்டும் 1 கோடியே 45 லட்சம். வாங்கியது 30. இதைப் படிக்கிறவர்கள் என் கணிதத்தைச் சந்தேகப்பட்டால், எந்த இ.எம்.ஐ. கால்குலேட்டரிலும் போட்டுப் பார்க்கலாம். 29.33 லட்சம் பாக்கி, 9.30 வட்டி, தவணை 22,900. வட்டி இன்னும் கால் சதவீதம் ஏறியிருந்தால் மாத வட்டியே 23,300ஐத் தாண்டியிருக்கும். தவணை கட்டக் கட்டக் கடன் வளர்ந்திருக்கும்.

நடந்தது இதுதான். வட்டி ஏறியபோதெல்லாம் வங்கியின் கணினி தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டிக்கொண்டே போயிருக்கிறது. சாங்ஷன் லெட்டரில் அதற்கு இடம் இருந்தது, ஒரு பத்தி, நான் கையெழுத்துப் போட்ட நாற்பது ஐம்பது இடங்களில் ஒன்றின் மேலே. குறுஞ்செய்தியும் வந்திருந்தது: 'தங்கள் கடனின் வட்டி விகிதம் மாற்றப்பட்டுள்ளது.' எத்தனை மாதம் கூடியது என்று அதில் ஒரு சொல் கிடையாது. விதி மீறினார்கள் என்று சொல்ல எனக்கு வழியில்லை. சொல்ல முடியாததுதான் இன்னும் எரிகிறது.

கிளைக்குப் போனேன். மேலாளர் நல்ல மனிதர், நாற்காலி போட்டு உட்காரவைத்தார். "சார், உங்க இ.எம்.ஐ. ஏறலையே, அதுக்குச் சந்தோஷப்படணும்" என்றார். நான் 171ஐப் பென்சிலால் வட்டமிட்டுக் காட்டினேன். அவரும் ஒரு நிமிடம் பேசவில்லை. அப்புறம் "சிஸ்டம் அப்படிப் பண்ணும் சார், கேட்டா மாத்திக் கொடுப்போம்" என்றார். கேட்டேன். பழையபடி 2041 அக்டோபரிலேயே முடிய வேண்டும் என்றால் தவணை 27,814. மாதம் ஐயாயிரத்துக்குச் சற்றுக் குறைவாகக் கூடுதல். ஒரு கடிதம், ஒரு கையெழுத்து, தவணையைக் கணக்கிலிருந்து தானாகப் பிடிக்க ஒரு புதுப் படிவம், ஜூலையில் மாறிவிட்டது. ஐந்து நாள் வேலை. மாற்றிக்கொடுக்க ஐந்து நாள் போதும் என்கிறவர்கள் ஒரு வருடமாக வாயைத் திறக்கவில்லை.

அதுவரை நான் கட்டியிருந்தது இருபது தவணை, 4,58,000 ரூபாய். அசலில் குறைந்தது 67 ஆயிரத்துச் சொச்சம்.

இதில் ஒரு கூத்து. நான் சண்டை போட்டு மாற்றிக்கொண்ட கொஞ்ச நாளில், 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணைக்கும் காலத்துக்கும் என்ன ஆகும் என்று கடன் வாங்கியவருக்குச் சொல்ல வேண்டும். தவணையை ஏற்றலாம், காலத்தை நீட்டலாம், இரண்டையும் கலக்கலாம், தேர்வு அவருடையது. நீட்டுவது அசல் வளரும் நிலைக்குப் போகக் கூடாது. அந்த ஆண்டு முடிவுக்குள் எல்லா வங்கியும் நடைமுறைப்படுத்த வேண்டும் என்றும் இருந்தது. படித்துவிட்டு, என்னைப் போல எத்தனை பேர் வட்டமிட்ட பென்சிலோடு கிளைகளில் உட்கார்ந்திருப்பார்கள் என்று நினைத்துக்கொண்டேன். இப்போது கடன் வாங்குகிறவருக்கு இந்தச் சங்கடம் இவ்வளவு தூரம் போகாது. ஆனால் தேர்வு கேட்கும் செய்தி வந்தால் பதில் போட வேண்டும். போடாவிட்டால் என்ன நடக்கும் என்று வங்கியில் எழுதி வாங்கிக்கொள்வது நல்லது.

சரி, திட்டியாயிற்று. இனி எதிர்பாராத சந்தோஷம்.

2024 ஏப்ரலில் மனைவி போட்டிருந்த சீட்டு விழுந்தது. அதோடு என் போனஸையும் சேர்த்து 2 லட்சத்தை அசலில் போட்டோம். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012லேயே விதி வந்துவிட்டது. அதனால் செயலியில் நாலு தட்டு, முடிந்தது. தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா என்று கேட்டது. காலம் என்றேன். 211 மாதம் இருந்தது 179 ஆனது. 32 மாதத் தவணை, கிட்டத்தட்ட 9 லட்சம், அந்த 2 லட்சத்தில் கரைந்துவிட்டது. எதிரில் நகைக் கடைப் பையோடு நிற்க வேண்டிய மனைவி, செல்போனில் ஓர் எண் குறைவதைப் பார்த்து இவ்வளவு சிரித்து நான் பார்த்ததில்லை.

2025இல் இன்னொன்று. ரெப்போ இறங்க ஆரம்பித்தது. பிப்ரவரியில் 6.25, ஏப்ரலில் 6.00, ஜூனில் 5.50, டிசம்பரில் 5.25. நான் தவணையைக் குறைக்கச் சொல்லவில்லை, அதே 27,814. ஏறும்போது என்னைக் கவிழ்த்த அதே கணினி, இறங்கும்போது சத்தமில்லாமல் காலத்தைச் சுருக்கிக்கொண்டே வந்தது. இந்த ஜனவரித் தவணையில் வட்டி 16,846, அசல் 10,968. ஐந்து இலக்க அசல்! மீதி 139 மாதம். பழைய கெடுவைவிட நாலு வருடத்துக்கு மேல் முன்னால்.

நியாயமாகச் சொன்னால் இன்னொன்றும் சொல்ல வேண்டும். வட்டி இப்படியே நின்றால் நான் கடைசிவரை கட்டும் மொத்தம் 53.6 லட்சம் அளவில் வரும். முதல் நாள் போட்ட 54.96ஐவிடக் குறைவு. கணக்குப் போட்டதும் எனக்கே சப்பென்று ஆகிவிட்டது. திட்டுவதற்கு இருந்த பெரிய எண் கையை விட்டுப் போனது. ஆனால் அது வங்கி கொடுத்ததில்லை. மாதம் 4,914 கூடுதலும், மனைவியின் சீட்டும் கொடுத்தது. இதுவரை நாங்கள் கட்டிய 14.92 லட்சத்தில் அசலுக்குப் போனது 4.89 லட்சம். அதிலும் 2 லட்சம் நாங்களாகப் போட்டது.

தவணைக்குள் வராத செலவுகளும் உண்டு. பிராசசிங் கட்டணம், லீகல் ஒப்பீனியன், மதிப்பீட்டாளர், சார்பதிவாளர் அலுவலகத்தில் எம்.ஓ.டி. (வீட்டுப் பத்திரத்தை வங்கியிடம் ஒப்படைத்ததற்கான ஆவணம்) பதிவு, முடிந்த பிறகு அதை ரத்து செய்ய ரசீதுப் பத்திரம். இவை எல்லாம் ஒருமுறை வலி. வலித்துக்கொண்டே இருப்பது இன்சூரன்ஸ்தான். கடன் கையெழுத்தாகும் மேசையிலேயே 'கடன் பாதுகாப்பு' என்று 84,000 ரூபாய்க்கு ஒற்றைப் பிரீமியப் பாலிசியை நீட்டினார்கள். கையில் இருந்து தர வேண்டாம், கடனிலேயே சேர்த்துக்கொள்கிறோம் என்றார்கள். அந்த 30 லட்சத்துக்குள் அதுவும் உட்கார்ந்திருக்கிறது. 6.80 வட்டியிலேயே இருபது வருடத்தில் அது 1.54 லட்சம் ஆகும். இதில் அழகு என்னவென்றால், பாலிசியின் காப்பீட்டுத் தொகை முதல் நாள் அட்டவணைப்படி வருடாவருடம் குறையும். என் கடனோ 171 ரூபாய் கணக்கில் அசையாமல் நின்றது. அந்த நேரத்தில் எனக்கு ஏதாவது ஆகியிருந்தால், காகிதத்தில் மீதமிருக்க வேண்டிய கடனுக்குத்தான் பணம் வந்திருக்கும். மிச்சம் வீட்டுக்காரியின் தலையில். இன்சூரன்ஸ் வேண்டாம் என்று சொல்லவில்லை, தனியாக ஒரு டேர்ம் பாலிசி எடுங்கள் என்கிறேன்.

'வரிச் சலுகை இருக்கே' என்பவர்களுக்கு: பழைய வரிமுறையில், நாமே குடியிருக்கும் வீட்டுக்கு வட்டியில் வருடம் 2 லட்சம்தான் உச்சம். 2023-24இல் நான் கட்டிய வட்டி 2.71 லட்சம். மேலே போன 71 ஆயிரத்துக்கு ஒன்றுமில்லை. புதிய வரிமுறைக்கு மாறினால் அந்த 2 லட்சமும் கிடையாது.

இப்போது 7.40க்கு வருவோம். தம்பிக்கு ஸ்ப்ரெட் 2.15, எனக்கு 2.80. என் பாக்கிக்கு இந்த வித்தியாசம் மாதம் 1,360 ரூபாய். போன் செய்து கேட்டதற்கு, ஒரு கன்வர்ஷன் கட்டணம் கட்டி விண்ணப்பம் கொடுத்தால் 'பரிசீலிப்பார்கள்' என்றார்கள். பழைய வாடிக்கையாளர் குறைந்த விலைக்கு வர, கட்டணம் கட்ட வேண்டும். புதியவருக்கு சும்மா கிடைக்கும். வேறு வங்கிக்கு மாற்றலாம்தான். ஆனால் திரும்ப லீகல், திரும்ப மதிப்பீடு, ரசீதுப் பத்திரம், புது எம்.ஓ.டி., நாலு நாள் விடுப்பு. அவர்கள் நம்பியிருப்பதே நம்முடைய இந்தச் சோம்பலைத்தான்.

இந்த வங்கியை யாருக்காவது சிபாரிசு செய்வேனா என்றால், மாட்டேன். செயலி நன்றாக இருக்கிறது, மேலாளர் தங்கமானவர், முன்கூட்டி அடைப்பது சுலபம், எல்லாம் சரி. அந்த 171ஐ நான் மன்னிப்பதாக இல்லை.

தம்பியிடம் மட்டும் அங்கேயே கையெழுத்துப் போடச் சொல்லிவிட்டேன். 7.40ஐ யார் விடுவார்கள்? மூன்றாவது சனிக்கிழமை, வங்கி உண்டு. என் ஸ்ப்ரெட் விண்ணப்பத்தையும் அன்றைக்கே கொடுத்துவிடலாம் என்று இருவரும் என் வண்டியிலேயே போகிறோம். இன்சூரன்ஸ் காகிதம் மேசைக்கு வந்தால் பேனாவை மூடிவிட்டு என்னைப் பார் என்று சொல்லிவைத்திருக்கிறேன்.