பர்ச்ஃபீல்ட் ஹேரியர்ஸ்: மெதுவாக ஓடுகிறவனின் அனுபவம்

இங்கிலாந்தின் பர்மிங்ஹாம் நகரில் உள்ள பர்ச்ஃபீல்ட் ஹேரியர்ஸ் தடகள கிளப்பில் உறுப்பினராகிச் சில ஆண்டுகள் ஆகிவிட்டன. மகளைச் சேர்க்கப் போன இடத்தில் நானும் சேர்ந்துகொண்டேன். சிட்னி 2000 ஒலிம்பிக்கில் ஹெப்டத்லான் (ஏழு போட்டிகள் சேர்ந்தது) தங்கம் வென்ற டெனிஸ் லூயிஸின் கிளப் அது. 5 கிலோமீட்டருக்கு அரை மணி நேரம் எடுக்கிற உனக்கு அங்கே என்ன வேலை என்று நண்பர்கள் கேட்கிறார்கள். நியாயமான கேள்விதான்.

முதலில் இடம். பெர்ரி பார் பகுதியில் உள்ள அலெக்சாண்டர் ஸ்டேடியம். ஒரு பக்கம் எம்-6 நெடுஞ்சாலையின் ஓயாத இரைச்சல், இன்னொரு பக்கம் மதகுகளோடு பழைய டேம் வேலி கால்வாய். 2022 காமன்வெல்த் போட்டிக்காக அரங்கைப் பெரிதாக்கினார்கள். மும்முறைத் தாண்டலில் நம் பிரவீன் சித்திரவேல் வெறும் 3 சென்டிமீட்டரில் வெண்கலத்தைத் தவறவிட்டது இங்கேதான். அந்த மணல்குழியைத் தாண்டிப் போகும்போதெல்லாம் இன்னும் வயிறு எரிகிறது.

கிளப் பிறந்தது 1877-இல், அதுவும் ஒரு தகராறில். கிராஸ் கன்ட்ரி (தடத்தில் இல்லாமல் புல்லிலும் சேற்றிலும் ஓடுவது) பந்தயம் ஒன்றின் முடிவில் சண்டை வர, முறுக்கிக்கொண்டு பிரிந்தவர்கள் தொடங்கியது. நம்மூர்ச் சங்கங்கள் பாதியும் இப்படித்தானே! ஆனால் மூன்றே ஆண்டில், 1880-இல், தேசிய கிராஸ் கன்ட்ரி அணிப் பட்டத்தை வென்றுவிட்டார்கள். 1929-இல் பெர்ரி பாரிலேயே சொந்த மைதானம் திறந்தார்கள். நெடுங்காலம் செயலாளராக உழைத்த டபிள்யூ. டபிள்யூ. அலெக்சாண்டரின் பெயரை அதற்கு வைத்தார்கள். பிற்பாடு அது நாய்ப் பந்தய அரங்காகிவிட்டது. 1976-இல் திறந்த இப்போதைய ஸ்டேடியமும் அவர் பெயரையே தாங்கி நிற்கிறது. ஓட்டக்காரருக்குச் சிலை வைக்கும் ஊர்கள் உண்டு. கணக்கும் கடிதமும் பார்த்தவரின் பெயரை அரங்குக்கே வைத்தது எனக்குப் பிடித்திருக்கிறது.

அந்தப் பழைய மைதானத்தில்தான் 1954 மே 29 அன்று டயான் லெதர் ஒரு மைலை 4 நிமிடம் 59.6 விநாடியில் ஓடினார். ஐந்து நிமிடத்துக்குள் ஓடிய முதல் பெண். ஆண்கள் மைலில் ரோஜர் பேனிஸ்டர் நான்கு நிமிடத்தை உடைத்து 23 நாள்தான் ஆகியிருந்தது. அவர் பெயர் உலகத்துக்கே தெரியும், இவர் பெயர் எத்தனை பேருக்குத் தெரியும்? மூன்று நாள் முன்புதான் 5:00.2 ஓடி, மயிரிழையில் தவறவிட்டிருந்தார். பயிற்சியாளரும் ஒரு பெண்தான், டோரெட் நெல்சன் நீல். கரித்துகள் பரப்பிய தடம். அடுத்த ஆண்டே 4:45.0 வரை குறைத்தார். அது உலக சாதனைப் பட்டியலில் ஏறவில்லை, காரணம் பெண்கள் மைலுக்குச் சர்வதேச தடகளச் சம்மேளனம் 1967 வரை பட்டியலே வைக்கவில்லை. ஒலிம்பிக்கிலும் அப்போது பெண்களுக்கு 200 மீட்டருக்கு மேல் ஓட்டம் கிடையாது. 1960-இல் 800 மீட்டர் திரும்ப வந்து இவர் ரோமில் ஓடியபோது வேகம் தணிந்திருந்தது, தகுதிச் சுற்றோடு வெளியேறினார். இதை மகளிடம் சொன்னேன். “யாரு அப்படி முடிவு பண்ணது?” என்றாள். பதில் சொல்லத் தெரியவில்லை.

சரி, எனக்கு என்ன கிடைத்தது? முக்கியமாகக் கிராஸ் கன்ட்ரி. அணியில் முதலில் வருகிற சிலரின் இடங்களைக் கூட்டுவார்கள், கூட்டல் குறைவான அணிக்கு வெற்றி. என் இடம் கணக்கில் வராது. ஆனாலும் கடைசி இருநூறு மீட்டரில், கணக்கில் வருகிற எதிரணிக்காரர் ஒருவரை முந்தினால் அவர் இடம் ஒன்று பின்னே போகும், அந்த அணியின் கூட்டல் ஏறும். தொப்பையோடு சேற்றில் தத்தளிக்கிறவனையும் “போ, போ” என்று கத்தி விரட்டுவது இதற்குத்தான். சாலை மாரத்தானில் இந்தச் சுகம் இல்லை. அங்கே நம் நேரம் நமக்கு மட்டும்.

துவைக்கிற வேலையைச் சொல்லாமல் விடக்கூடாது. ஸ்பைக் ஷூவின் முள்ளுக்கு முள் அப்பிய களிமண் காய்ந்தால் கல்தான். பழைய பல்துலக்கியும் வெந்நீரும் கட்டாயம்.

எடை குறைக்க மட்டும் நினைக்கிறவர்களுக்குப் பூங்காவில் ஓடுவது போதும், கிளப் வேண்டாம். பிள்ளை எதில் தேறும் என்று தெரியாத பெற்றோர் தாராளமாக வரலாம். ஓட்டம், தாண்டல், எறிதல் எல்லாம் ஒரே வளாகத்தில் இருப்பதால் மாற்றிப் பார்க்க வசதி. என் மகள் ஓட வந்தவள், இப்போது ஈட்டி எறிகிறாள். நவம்பரில் சேர்வதானால் கையுறை இரண்டு ஜோடி வாங்கிக்கொள்ளுங்கள், ஒன்று எப்படியும் நனைந்தேதான் இருக்கும்.