லேமினேட் தரைக்கு ‘சீலிங் கோட்டிங்’ என்று யாராவது வந்தால் வாசலோடு அனுப்பிவிடுங்கள்

18,500 ரூபாய் வாங்கிக்கொண்டு, நன்றாக இருந்த தரையை நாசமாக்கிவிட்டுப் போயிருக்கிறார்கள். உடனே எழுதிவிடுகிறேன், இன்னொரு வீட்டில் இது நடக்கக் கூடாது.

எங்கள் வீட்டில் இரண்டு படுக்கையறைக்கும் 8 மி.மீ. லேமினேட் பலகை. சென்னை மழை தெரியும்தானே, பால்கனிக் கதவோரம் சாரல் அடிக்கும். அதற்குப் பாதுகாப்பாக ஏதாவது செய்ய முடியுமா என்று, வீட்டு வேலைக்கு ஆள் அனுப்பும் ஒரு செயலியில் கேட்டேன். தண்ணீர் இறங்காமல் தரையை அடைக்கும் ‘சீலிங் கோட்டிங்’ என்ற பூச்சு அடித்துத் தருவதாகச் சொன்னார்கள். சதுர அடிக்கு 50 ரூபாய், 370 சதுர அடி, மொத்தம் 18,500. முழுப் பணமும் முதலிலேயே கட்ட வேண்டும்.

வந்தவர் சீருடை, அடையாள அட்டை எல்லாம் போட்டிருந்தார். அம்மாவிடம் தண்ணீர் வாங்கிக் குடித்தார். பையிலிருந்து பலகைத் துண்டு ஒன்றை எடுத்து, சொம்பில் மிச்சமிருந்த தண்ணீரை அதன் மேல் நாலு சொட்டு விட்டார். தாமரை இலைத் தண்ணீர் போல உருண்டு நின்றது. “பாத்தீங்களாக்கா, இதான் நம்ம கோட்டிங். இனிமே பக்கெட்டோட ஊத்திக்கூடத் துடைக்கலாம்” என்றார். அம்மாவுக்கு அவ்வளவு சந்தோஷம். “போடச் சொல்லும்மா” என்று விட்டார்.

அப்பட்டமான ஏமாற்று! ஒரு பூச்சும் இல்லாத லேமினேட்டிலும் தண்ணீர் அப்படித்தான் நிற்கும். மேலே இருப்பது மெலமைன் பிசின் ஏற்றிய அடுக்கு, தேயாமலிருக்க அதில் அலுமினியம் ஆக்சைடு சேர்த்திருப்பார்கள். தண்ணீர் அதன் வழியாக இறங்காது, ஜாயிண்ட் வழியாகத்தான் இறங்கும். உள்ளே இருப்பது மரநாரை அழுத்திச் செய்த பலகை. ஈரம் குடித்தால் உப்பும், காய்ந்த பிறகும் பழையபடி அமுங்காது. அவர் ஜாயிண்ட்டில் ஒரு சொட்டு விட்டுக் காட்டியிருக்க வேண்டும். காட்டவில்லை.

“பூச்சு பிடிக்கணும்” என்று உப்புத்தாள் போட்டுத் தேய்த்தார்கள். பலகையைக் காப்பாற்றும் மேலடுக்கே அதில் போயிற்று. அதன் மேல் மரச்சாமானுக்கு அடிக்கும் பாலியூரித்தேன். போதாததற்குச் சுவரடியில் ஓடும் ஸ்கர்ட்டிங் பட்டையைக் கழற்றி, பலகை விரிவதற்காகச் சுவரோரம் விட்டிருந்த 10 மி.மீ. இடைவெளியையும் பட்டி வைத்து இறுக அடைத்துவிட்டார்கள். நாற்காலியை இழுத்த இடத்தில் பூச்சு சுருண்டு கையோடு வருகிறது. அவர் சொன்னபடி தண்ணீர் விட்டுத் துடைத்ததில் ஜாயிண்ட் ஓரமெல்லாம் உப்பிவிட்டது. விரிய இடமில்லாமல் நடு அறையில் தரை மேடிட்டு, அம்மா தடுக்கி விழப் பார்த்தார்.

ஃபோன் செய்தால் “போட்டோ அனுப்புங்க மேடம்.” அனுப்பினேன். “டெக்னிக்கல் டீம் பாக்குறாங்க.” பிறகு “உங்க தரையில ஏற்கெனவே ஈரம் இருந்திருக்கு, அது எங்க பொறுப்பு இல்ல.” வந்தவரின் எண் அணைத்தே கிடக்கிறது. உத்தரவாதச் சீட்டின் பின்பக்கம் பொடி எழுத்தில் ‘தண்ணீரால் ஏற்படும் சேதத்துக்குப் பொருந்தாது’ என்று இருக்கிறது. தண்ணீருக்காகத்தானே ஐயா 18,500 ரூபாய் கொடுத்தோம்? கடைசியாக, அடுத்த வேலைக்கு 500 ரூபாய் தள்ளுபடி என்று ஒரு கூப்பன் அனுப்பிவிட்டு என் புகாரை மூடிவிட்டார்கள். அம்மாவின் கால் உடைந்திருந்தாலும் கூப்பன்தான் அனுப்பியிருப்பார்களோ என்னவோ.

என்ன செய்யலாம் என்று விரிவாக எழுத நினைத்தேன், இப்போது அதற்கு மனசில்லை. லேமினேட்டைத் தேய்க்க விடாதீர்கள், மேலே எந்தப் பூச்சும் அடிக்க விடாதீர்கள். ஜாயிண்ட்டில் தண்ணீர் இறங்காமல் அடைக்கும் சீலன்ட், பலகை கோக்கும்போதே போட வேண்டியது. பால்கனி ஓரத்துக்கு, இடைவெளியில் நுரைக்கயிறு வைத்து வளைந்துகொடுக்கும் சிலிக்கான் போட்டால் போதும். நன்றாகப் பிழிந்த மாப் மட்டும், ஸ்டீம் மாப் வேண்டவே வேண்டாம். முழுப் பணத்தை முன்னால் கேட்டால் கொடுக்காதீர்கள்.

நுகர்வோர் உதவி எண் 1915-இல் புகார் கொடுத்திருக்கிறேன். 18,500 ரூபாயும் திரும்பி வர வேண்டும், பாழான பலகைக்கும் அவர்கள்தான் பதில் சொல்ல வேண்டும். இந்த வாரம் யாராவது இப்படி ஒரு வேலைக்குப் பதிவு செய்திருந்தால் இன்றைக்கே ரத்து செய்யுங்கள்.