பள்ளியிலிருந்து நேராகவா, கல்லூரி வழியாகவா: ஒரு பேஸ்பால் பிட்சரின் 18 வயதுத் தீர்மானம்

2006 ஜூன் மாதம், அமெரிக்காவின் உச்சப் பேஸ்பால் போட்டியான மேஜர் லீக்கின் அணிகள் இளம் வீரர்களைச் சுற்றுச் சுற்றாகத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டில், ஏழாவது இடத்தில் லாஸ் ஏஞ்சலிஸ் டாட்ஜர்ஸ் அணி டாலஸ் பகுதிப் பள்ளி மாணவர் ஒருவரைத் தேர்ந்தெடுத்தது. நான்கு இடங்கள் தள்ளி, பதினோராவது இடத்தில், அரிசோனா டைமண்ட்பேக்ஸ் அணி மிசௌரி பல்கலைக்கழகத்தில் மூன்றாம் ஆண்டு முடித்திருந்த ஒருவரைத் தேர்ந்தெடுத்தது. முன்னவர் 18 வயது கிளேட்டன் கெர்ஷா. பின்னவர் 21 வயது மேக்ஸ் ஷெர்சர். இருவரும் 2008ஆம் ஆண்டில், ஒரு மாத இடைவெளிக்குள் மேஜர் லீக்கில் முதல் பந்தை எறிந்தார்கள். இருவரும் சிறந்த பிட்சருக்கான (பந்து எறிபவருக்கான) சை யங் விருதைத் தலா மூன்று முறை பெற்றார்கள். மட்டையாளரைப் பந்தெறிதலாலேயே வெளியேற்றும் ஸ்ட்ரைக்அவுட்டுகளில் இருவரும் 3,000ஐக் கடந்தார்கள். மேஜர் லீக்கின் இறுதிப் போட்டியான உலகத் தொடரில், 2025இல், மூன்றாவது ஆட்டத்தை டொராண்டோவுக்காகத் தொடங்கியவர் ஷெர்சர். அதே ஆட்டத்தின் 12ஆவது இன்னிங்ஸில், மூன்று பேஸ்களிலும் எதிரணியினர் நின்றிருந்த நிலையில் டாட்ஜர்ஸ் அணிக்காக வந்து ஆபத்தை நீக்கியவர் கெர்ஷா.

இந்த இருவரை மட்டும் வைத்துப் பார்த்தால், எந்த வழியில் போனாலும் சேரும் இடம் ஒன்றுதான் என்று தோன்றும். நான் அப்படி நினைக்கவில்லை. ஒரு பிட்சரின் தொழில் வாழ்க்கை முழங்கையின் உட்புறத்தில் உள்ள ஒரு சிறு தசைநாரை நம்பி நடக்கிறது. கிரிக்கெட்டில் வேகப்பந்து வீச்சாளருக்கு முதுகு எப்படியோ, பேஸ்பாலில் பிட்சருக்கு முழங்கை அப்படி. பள்ளி வழியையும் கல்லூரி வழியையும் ஒப்பிடும்போது, எது திறமையை நன்றாக வளர்க்கும் என்பதைவிட, 18 முதல் 21 வயது வரை அந்தத் தசைநார் அறுந்துபோனால் நட்டம் யாருடையது என்பதையே முதலில் கேட்க வேண்டும்.

விதிகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அமெரிக்காவிலோ கனடாவிலோ படிக்கும் மாணவர் பள்ளிப் படிப்பை முடித்ததும் டிராஃப்டுக்குத் தகுதி பெறுகிறார். அப்போது கையெழுத்திடாமல் நான்காண்டுப் பல்கலைக்கழகத்தில் சேர்ந்துவிட்டால், மூன்றாம் ஆண்டு முடியும்வரை அல்லது 21 வயதாகும்வரை அவரை எந்த அணியும் தேர்ந்தெடுக்க முடியாது. ஈராண்டுக் கல்லூரியில் சேர்ந்தால் இந்தத் தடை இல்லை. ஒவ்வோர் ஆண்டும் டிராஃப்டுக்குத் திரும்பி வரலாம். 2012 முதல் ஒவ்வோர் அணிக்கும், கையெழுத்திடும் வீரர்களுக்குப் போனஸ் தருவதற்கு ஒரு மொத்தத் தொகை வரையறுக்கப்பட்டுள்ளதால், ஒருவருக்குக் கூடுதலாகக் கொடுக்க வேண்டுமானால் மற்றொருவருக்குக் குறைத்தாக வேண்டும்.

பள்ளி வழியின் பெரிய பலம் வயது. மேஜர் லீக்கில் ஆறு ஆண்டுகள் சேவை முடித்த பிறகே ஒரு வீரர் விரும்பிய அணிக்குச் செல்ல முடியும். முதல் மூன்று ஆண்டுகள் பெரும்பாலோருக்குக் குறைந்தபட்சச் சம்பளத்தை ஒட்டிய தொகைதான் கிடைக்கும். 2025இல் அந்தக் குறைந்தபட்சம் 7,60,000 டாலர். இந்த ஆறாண்டுக் கடிகாரம் மேஜர் லீக்கில் ஆடத் தொடங்கும் நாளில்தான் ஓடத் தொடங்குகிறது. கெர்ஷா 20 வயதில் தொடங்கினார்; 2014 ஜனவரியில், 25 வயதில், ஏழு ஆண்டுகளுக்கு 21.5 கோடி டாலர் ஒப்பந்தம் பெற்றார். ஷெர்சர் 23 வயதில் தொடங்கினார். 2015 ஜனவரியில் வாஷிங்டன் நேஷனல்ஸ் அவருக்கு ஏழு ஆண்டுகளுக்கு 21 கோடி டாலர் தந்தபோது அவருக்கு வயது 30. தொகை ஏறக்குறைய ஒன்று, ஆனால் இடையே ஐந்து வயது வித்தியாசம். அந்த ஐந்து ஆண்டுகளில் ஷெர்சரின் கைக்கு ஏதேனும் ஆகியிருந்தால் அந்த 21 கோடி வந்திருக்காது. 2014 வசந்தத்தில் டெட்ராய்ட் தர முன்வந்த 14.4 கோடியையும் அவர் மறுத்திருந்தார் என்பதை நினைத்தால், அவர் தன் தோளின் மேலும் முழங்கையின் மேலும் எவ்வளவு பெரிய பந்தயம் கட்டினார் என்பது புரியும்.

அப்படியென்றால் ஷெர்சரும் பள்ளி முடித்ததும் போயிருக்கலாமே என்று கேட்கத் தோன்றும். அழைப்பு வந்தது உண்மை. 2003இல் செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸ் அவரைத் தேர்ந்தெடுத்தது. ஆனால் 43ஆவது சுற்றில். அவ்வளவு பின்னால் தேர்வாகும் மாணவருக்கு வழக்கமாகக் கிடைப்பது சொற்பத் தொகையும் ஒரு சீருடையும்தான். அவர் மறுத்துவிட்டு மிசௌரி சென்றார். மூன்று ஆண்டுகளில் 43ஆவது சுற்று முதல் சுற்றாக மாறியது. கெர்ஷாவுக்கோ 18 வயதிலேயே 23 லட்சம் டாலர் முன்னால் வைக்கப்பட்டது. டெக்சாஸ் ஏ அண்ட் எம் பல்கலைக்கழகத்துக்குக் கொடுத்திருந்த வாக்கை விட்டுவிட்டு அவர் கையெழுத்திட்டார்.

கல்லூரி வழியை ஆதரிப்பவர்கள் வழக்கமாகக் காட்டும் சான்று, டிராஃப்டில் முதலாவதாகத் தேர்வானவர்களின் வரலாறு. அது உண்மையிலேயே அச்சமூட்டுவது. பள்ளியிலிருந்து நேரடியாக முதலிடத்தில் தேர்வான பிட்சர்கள் இதுவரை மூவர், மூவரும் இடக்கையர்கள். முதலாமவர் 1973இல் டெக்சாஸ் ரேஞ்சர்ஸ் எடுத்த டேவிட் கிளைட். பள்ளி முடித்து மூன்று வாரம்கூட நிரம்பாத நிலையில், அணிகள் இளம் வீரர்களைப் பக்குவப்படுத்தும் கீழ்நிலைப் போட்டிகளான மைனர் லீக்கில் ஒரு நாள்கூட ஆடாமல், அவர் மேஜர் லீக் மைதானத்தில் இறக்கப்பட்டார். கூட்டம் வராத அணிக்குக் கூட்டம் தேவைப்பட்டது. கூட்டமும் வந்தது, 35,000 பேருக்கு மேல். இரண்டு ஆட்டங்களுக்குப் பிறகு கீழே அனுப்பிப் பக்குவப்படுத்துவதாக இருந்த திட்டம் கைவிடப்பட்டது. 18 வெற்றி, 33 தோல்வி என்ற கணக்குடன், 1979க்குப் பிறகு அவர் மேஜர் லீக்கில் ஆடவே இல்லை. இளம் பிட்சர்களைப் பற்றிப் படிக்கும்போது என்னை மிகவும் வருத்தும் கதை இதுதான். அந்தக் கை தானாகக் கெடவில்லை. நுழைவுச்சீட்டு விற்பனைக்காகச் செலவழிக்கப்பட்டது. இரண்டாமவர் 1991இல் நியூயார்க் யாங்கீஸ் 15.5 லட்சம் டாலர் கொடுத்து எடுத்த பிரையன் டெய்லர்; 1993 டிசம்பரில் ஒரு கைகலப்பில் தோள் சிதைந்து, மேஜர் லீக்கை எட்டாமலே போனார். மூன்றாமவரான பிரேடி எய்க்கனுக்குப் பின்னர் வருகிறேன்.

மறுபக்கம், கல்லூரியிலிருந்து முதலிடத்தில் வந்த பிட்சர்களைப் பாருங்கள். சான் டியாகோ மாநிலப் பல்கலைக்கழகத்தின் ஸ்டீஃபன் ஸ்ட்ராஸ்பர்க் 2009இலும், கெரிட் கோல் 2011இலும், பால் ஸ்கீன்ஸ் 2023இலும் முதலிடம் பெற்றார்கள். ஸ்ட்ராஸ்பர்க்கைப் பள்ளி முடித்தபோது எந்த அணியும் தேர்ந்தெடுக்கவில்லை. ஸ்கீன்ஸ் விமானப்படை அகாடமியில் கேட்ச்சராகவும் (எறிந்த பந்தைப் பிடிப்பவராகவும்) ஆடிக்கொண்டிருந்தவர். லூசியானா மாநிலப் பல்கலைக்கழகத்துக்கு மாறிய ஓராண்டில் 92 லட்சம் டாலர் போனஸ் பெறும் பிட்சரானார். 2024இல் சிறந்த அறிமுக வீரர் விருதையும் 2025இல் சை யங் விருதையும் வென்றார். ஜேக்கப் டிகிராம் இன்னும் தெளிவான உதாரணம். ஸ்டெட்ஸன் பல்கலைக்கழகத்தில் அவர் ஷார்ட்ஸ்டாப்பாக, அதாவது களத்தடுப்பாளராக, இருந்தார். தான் பிட்சர் என்பதே அங்குதான் தெரியவந்தது. 2010இல் ஒன்பதாவது சுற்றில் மெட்ஸ் அணிக்குச் சென்றவர், 2018, 2019 ஆண்டுகளில் சை யங் வென்றார். தாமதமாகப் பூக்கும் உடலுக்கும் கைக்கும் கல்லூரி தரும் அவகாசத்தை மைனர் லீக் அணி தருவதில்லை.

ஆயினும் இந்தச் சான்றில் ஒரு பெரிய ஓட்டை இருக்கிறது. கல்லூரியில் முழங்கை உடைந்து, வேகம் குறைந்து, பேரே வெளியே தெரியாமல் போனவர்கள் 21 வயது டிராஃப்டின் உச்சிக்கு வருவதில்லை. அவர்கள் ஏற்கெனவே வடிகட்டப்பட்டுவிட்டார்கள். பள்ளி மாணவர்களின் தோல்வி கிளப்பின் கணக்கில், எல்லோரும் பார்க்கும்படி பதிவாகிறது. கல்லூரி மாணவர்களின் தோல்வி எந்தக் கணக்கிலும் ஏறுவதில்லை. ஆகவே கல்லூரி கையைப் பாதுகாக்கிறது என்று இந்தப் பட்டியல்களைக் கொண்டு சொல்ல முடியாது. கிளப் ஏற்றிருக்க வேண்டிய அபாயத்தை மாணவர் தன் செலவில் மூன்று ஆண்டுகள் சுமக்கிறார் என்பதே சரியான கூற்று. அவ்வாறு சுமந்து வந்தவர்களும் எல்லோரும் தப்பவில்லை. 2002இல் முதலிடம் பெற்ற பிரையன் புல்லிங்டன் மேஜர் லீக்கில் ஒரே ஒரு வெற்றி பெற்றார். ஸ்டான்ஃபோர்டின் மார்க் அப்பெல் 2012இல் பிட்ஸ்பர்க் தந்த 38 லட்சத்தை மறுத்து, அடுத்த ஆண்டு ஹூஸ்டனிடம் 63.5 லட்சம் பெற்றார். ஆனால் மேஜர் லீக்கில் அவர் முதன்முதலாகப் பந்தெறிந்தது 2022இல்தான். ஸ்ட்ராஸ்பர்க்கின் முழங்கையும் அறிமுக ஆண்டிலேயே அறுவை சிகிச்சைக்குப் போனது.

உழைப்பின் அளவிலும் இரண்டு வழிகளும் ஒன்றல்ல. கல்லூரி அணியின் முதன்மைப் பிட்சர் வாரத்துக்கு ஒரு முறை, பெரும்பாலும் வெள்ளிக்கிழமை, ஆட்டத்தைத் தொடங்குகிறார். மைனர் லீக்கில் ஐந்து அல்லது ஆறு நாளுக்கு ஒரு முறை முறை வரும். கேட்பதற்குக் கல்லூரி இலகுவாகத் தோன்றும். ஆனால் கல்லூரிப் பயிற்சியாளரின் வேலை இந்த ஆண்டு வெற்றியைச் சார்ந்தது. அந்த மாணவரின் 28ஆவது வயதில் அவருக்குப் பங்கு இல்லை. 2009இல் டெக்சாஸும் பாஸ்டன் கல்லூரியும் 25 இன்னிங்ஸ் ஆடிய ஆட்டத்தில், டெக்சாஸின் மாற்றுப் பிட்சர் ஒருவர் தனியாக 13 இன்னிங்ஸில் 169 பந்துகள் எறிந்தார். போனஸாக இருபது லட்சம் டாலர் கொடுத்த கிளப் தன் முதலீட்டை அப்படி நடத்தத் துணியாது. சிறிய போனஸில் எடுத்த பிட்சரிடம் அந்தக் கரிசனம் இருக்கும் என்று மட்டும் எதிர்பார்க்க வேண்டாம். மைனர் லீக்கில் யாருக்கு எத்தனை வாய்ப்பு என்பதைப் போனஸ் தொகையே பெரிதும் தீர்மானிக்கிறது.

அன்றாட வாழ்க்கையின் கணக்கு அண்மையில் இருபக்கமும் மாறியிருக்கிறது. மைனர் லீக் வீரர்களின் முதல் கூட்டு ஒப்பந்தம் 2023இல் வந்த பிறகு, மைனர் லீக்கின் மேல்படியான டிரிபிள்-ஏ நிலையின் குறைந்தபட்ச ஆண்டு ஊதியம் 17,500 டாலரிலிருந்து 35,800 ஆனது. கல்லூரியில், 2021 முதல் மாணவர்கள் தம் பெயரையும் படத்தையும் கொண்டு பணம் ஈட்டலாம். ஓர் அணிக்கு மொத்தம் 11.7 உதவித்தொகைகள் என்று இருந்த பழைய வரம்பும் 2025இல் நீங்கி, 34 வீரர்கள் என்ற எண்ணிக்கை வரம்பு வந்தது. பழைய வரம்பின்போது கல்லூரி இலவசம் என்பது பெரும்பாலோருக்கு உண்மையே இல்லை, 11.7 உதவித்தொகை அணியின் பல வீரர்களிடையே துண்டுதுண்டாகப் பங்கிடப்பட்டது. படிப்பை வைத்துக் கல்லூரியைப் பரிந்துரைத்தவர்கள் இதை வெளிப்படையாகச் சொல்லியிருக்க வேண்டும். பள்ளியிலிருந்து கையெழுத்திடுபவரும் பிற்காலக் கல்லூரிச் செலவைக் கிளப் ஏற்க வேண்டும் என்று ஒப்பந்தத்தில் எழுதி வாங்க முடியும். அந்த ஒரு வரியை வாங்காமல் எந்தக் குடும்பமும் கையெழுத்திடக் கூடாது.

முதல் சுற்றுத் தொகை முன்னால் வைக்கப்பட்டால், பள்ளிப் பிட்சர் அதை வாங்கிக்கொண்டு போக வேண்டும் என்பதே என் தீர்ப்பு. கெரிட் கோல் இதற்கு நேர் எதிரான சான்று: 2008இல் யாங்கீஸ் 28ஆவது இடத்தில் எடுத்ததை மறுத்து, லாஸ் ஏஞ்சலிஸின் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்துக்குப் போய், மூன்று ஆண்டுகளில் 80 லட்சம் டாலருடன் முதலிடத்தில் திரும்பினார், 2019 இறுதியில் அதே யாங்கீஸ் அவருக்கு 32.4 கோடி தந்தது. ஆனால் பிரேடி எய்க்கனையும் அருகே நிறுத்திப் பார்க்க வேண்டும். 2014இல் ஹூஸ்டன் அவரை முதலிடத்தில் எடுத்து, 65 லட்சத்துக்கு உடன்பட்டு, மருத்துவப் பரிசோதனையில் முழங்கைத் தசைநார் பற்றி ஐயம் எழுந்ததும் தொகையைக் குறைத்தது. இறுதியாக 50 லட்சம் வரை வந்தும் அவர் கையெழுத்திடவில்லை. 2015 மார்ச்சில் அந்தத் தசைநார் அறுந்தது. கிளீவ்லாந்து அவ்வாண்டு 17ஆவது இடத்தில் சுமார் 25 லட்சத்துக்கு அவரை எடுத்தது. மேஜர் லீக்கை அவர் எட்டவில்லை. கோலின் லாபத்தையும் எய்க்கனின் நட்டத்தையும் பிரித்தது துணிச்சலோ அறிவோ அல்ல. ஒரு தசைநார் மட்டுமே.

பத்தாவது சுற்றுக்கும் கீழே அழைப்பு வருமானால் கல்லூரிதான் என்பதில் எனக்கு ஐயமே இல்லை. அபாயத்தை ஏற்க மறுக்கும் கிளப்பிடம் கையை ஒப்படைப்பதில் பயன் இல்லை. தீர்மானம் உண்மையில் கடினமாவது இடையில் உள்ளவர்களுக்குத்தான்: வரியும் முகவர் கட்டணமும் போக ஒரு வீடு வாங்கலாம், ஆனால் வாழ்நாளுக்குப் போதாது என்ற அளவில் மூன்றாவது, நான்காவது சுற்றுத் தொகை கிடைப்பவர்களுக்கு. வேகம் இன்னும் ஏறும் என்று நம்பும் அத்தகைய பிட்சர், மூன்று ஆண்டுகள் கதவை மூடிவிடும் பல்கலைக்கழகத்துக்கு முன்பாக, ஓராண்டிலேயே மறுபடி பேரம் பேச விடும் ஈராண்டுக் கல்லூரியை எண்ணிப் பார்ப்பது நல்லது. அங்கே மைதானங்கள் சிறியவை, பயணங்கள் சிரமமானவை. ஆனால் வேகத்தை அளக்கும் ரேடார் கருவியுடன் வரும் ஸ்கவுட் (அணிக்காகத் திறமை தேடுபவர்), எந்த மைதானத்தில் எறிந்தாலும் அதே எண்ணைத்தான் குறித்துக்கொள்கிறார்.