போர்த்கர்னோ தந்தி அருங்காட்சியகம்: அப்பாவோடு போய்ப் பார்த்தது

இங்கிலாந்தின் தென்மேற்கு மூலையில், கார்ன்வாலில், போர்த்கர்னோ என்று ஒரு சின்னக் கடற்கரை. அங்கே இருக்கும் உலகத் தகவல்தொடர்பு அருங்காட்சியகத்துக்கு அப்பாவையும் என் பையனையும் கூட்டிக்கொண்டு போனேன். அப்பா 35 வருஷம் தந்தி ஆபீஸில் வேலை பார்த்தவர், 2013 ஜூலையில் இந்தியாவில் தந்தியை நிறுத்தியபோது அன்றைக்குச் சரியாகச் சாப்பிடக்கூட இல்லை. அதனால் இந்த இடத்தைப் பற்றிப் படித்ததுமே அவரை எப்படியாவது அழைத்துப் போய்விட வேண்டும் என்று முடிவு செய்துவிட்டேன். ஐந்துக்கு ஐந்து கொடுக்கிறேன், ஏன் என்று சொல்கிறேன்.

1870-ல் இந்தியாவோடு இணைக்கும் கடலடிக் கேபிள் ஏறியது இந்தக் கரையில்தான். முதலில் ஃபால்மத் துறைமுகத்துக்குக் கொண்டுபோவதாக இருந்தது, அங்கே கப்பல்கள் அதிகம், நங்கூரம் பட்டால் கேபிள் அறுந்துவிடும் என்று யோசித்து ஆள் நடமாட்டமில்லாத இந்தப் பக்கம் மாற்றினார்கள். இங்கிருந்து போர்ச்சுகல், ஜிப்ரால்டர், மால்டா, எகிப்து, ஏடன், அப்புறம் பம்பாய். அதற்கு முன்பு துருக்கி, பாரசீகம் பக்கமாகப் பெரும்பாலும் தரைக்கம்பியில் தந்தி போகும், வழியில் இருக்கிற ஆபீஸ்களில் ஆங்கிலம் தெரியாதவர்கள் கேட்டுக் கேட்டுத் திரும்ப அடித்து அனுப்ப, நாள்கணக்கில் கழித்து வந்து சேரும்போது பாதி வார்த்தை சிதைந்திருக்கும். இந்தக் கேபிள் வேலைக்குப் பின்னால் நின்றவர் ஜான் பெண்டர், மான்செஸ்டரில் பருத்தி வியாபாரம் செய்தவர். நம் ஊருக்கும் இதில் பங்கு உண்டு. கொஞ்ச நாளிலேயே மதராஸிலிருந்து பினாங்குக்கும் சிங்கப்பூருக்கும் கேபிள் போட்டுவிட்டார்கள், பம்பாயில் கரையேறிய தந்தி தரைக்கம்பியில் மதராஸ் வந்து மறுபடி கடலில் இறங்கிக் கிழக்கே போனது. அப்பாவுக்கே இது புதுச் செய்தி.

வெட்டி வைத்திருக்கும் கேபிள் துண்டுகளைக் கட்டாயம் நின்று பாருங்கள். நடுவில் செம்புக் கம்பி, அதைச் சுற்றி கட்டா பெர்ச்சா, அதற்கு மேல் சணல், வெளியே இரும்புக் கம்பிகள். கட்டா பெர்ச்சா மலாய்க் காடுகளில் ஒரு வகை மரத்திலிருந்து எடுத்த பால், ரப்பருக்கு உறவு என்று சொல்லலாம், ஆனால் கடலுக்கடியில் குளிரிலும் அழுத்தத்திலும் வருஷக்கணக்கில் கெடாது. அந்தப் பாலுக்காக மரங்களையே வெட்டிச் சாய்த்தார்கள். லண்டன் வியாபாரி ஒருவரின் தந்திக்கு எங்கோ ஒரு காடு போயிருக்கிறது, அதைப் பார்த்தபோது எனக்கு மனசு கனத்தது. கரையோரத் துண்டு மட்டும் கைக்கு அடங்காத தடிமன், பாறையிலும் நங்கூரத்திலும் அடிபடுவது அங்கேதானே.

அப்புறம் சுரங்கம். 1940-ல் ஜெர்மானியர் வந்துவிடுவார்கள் என்ற பயத்தில் உள்ளூர் சுரங்கத் தொழிலாளர்களை வைத்துக் கருங்கல் மலையைக் குடைந்து, மொத்தத் தந்தி நிலையத்தையும் உள்ளே கொண்டுபோய் வைத்தார்கள். கனமான கதவுகளைத் தாண்டி உள்ளே போனால் பழைய கருவிகள் கண்ணாடிப் பெட்டிக்குள் தூங்கவில்லை, ஓடுகின்றன! தன்னார்வலர்கள் ஓட்டிக் காட்டுகிறார்கள். எனக்கு இந்த ஒரு காரணமே போதும்.

அப்பா பழகியது சவுண்டர் என்ற தந்திக் கருவி, டக் டக்கென்று வருவதைக் காதால் கேட்டு எழுதுவது. சத்தம் தூக்கலாகக் கேட்கப் பின்னால் தகர டப்பாவைச் செருகி வைப்பார்களாம். ஆனால் ஆயிரக்கணக்கான மைல் கடலுக்குள் ஓடிவரும் மின்சாரம் அவ்வளவு பலமாக இருக்காது, சவுண்டரை அசைக்கக்கூடத் தெம்பு இருக்காது. அதற்காகத்தான் வில்லியம் தாம்சன், பிற்காலத்தில் கெல்வின் பிரபு, 1867-ல் சைஃபன் ரெக்கார்டரைச் செய்தார். மயிரிழை போன்ற கண்ணாடிக் குழாய், நகரும் காகித நாடாவில் மையைத் தெளித்து நெளிநெளியாக ஒரு கோடு போடும். மேலே நெளிந்தால் மோர்ஸ் குறியீட்டின் டாட் (புள்ளி), கீழே நெளிந்தால் டேஷ் (கோடு). அப்பா அதை முதலில் வெறித்துப் பார்த்தார், கொஞ்ச நேரத்தில் உதட்டுக்குள் எழுத்துக்கூட்ட ஆரம்பித்துவிட்டார். "இங்க பாரும்மா, இது எஃப், இது ஆர்" என்று விரல் வைத்துக் காட்டினார். ஓட்டிக் காட்டிய பெரியவரும் அவரும் அதற்குப் பிறகு அரைமணி நேரம் பேசினார்கள், அப்பாவின் ஆங்கிலம் அவ்வளவு சரளமாக வந்து நான் கேட்டதே இல்லை.

சுரங்கத்திலிருந்து மேலே ஏறும் தப்பிக்கும் படிக்கட்டு செங்குத்து, மூட்டுவலி உள்ளவர்கள் வந்த வழியே திரும்பலாம். பையன் இரண்டு தடவை ஏறினான்.

கடற்கரைப் பக்கம் இருக்கும் கேபிள் குடிசையை விட்டுவிடாதீர்கள். ஒரு காலத்தில் 14 கேபிள்கள் மணலுக்கடியில் வந்து சேர்ந்த இடம் இந்தச் சின்னக் கட்டடம்தான். நிலையம் 1970-ல் மூடப்பட்டாலும் கதை நிற்கவில்லை, 1990-களில் போட்ட ஃபிளாக் என்ற ஃபைபர் கேபிளும் இதே போர்த்கர்னோவில் ஏறி மும்பையைத் தொடுகிறது. இதைச் சொன்னதும் பையன் மணலைக் காலால் தோண்ட ஆரம்பித்துவிட்டான்.

போகிறவர்களுக்கு: பென்சான்ஸிலிருந்து பஸ் உண்டு, ஆனால் ஒரு பயணச் செயலியில் போட்டிருந்த நேரத்தை நம்பி நாங்கள் ஒரு மணி நேரம் நின்றோம், நிறுத்தத்தில் ஒட்டியிருக்கும் அட்டவணையைப் பாருங்கள். கடற்கரைக்குப் போகும் வழி சரிவு, நல்ல செருப்பு வேண்டும். குறைந்தது மூன்று மணி நேரம் ஒதுக்குங்கள். பக்கத்திலேயே பாறை மேல் மினாக் திறந்தவெளி அரங்கம் இருக்கிறது, அதை வேறொரு நாளுக்கு வைத்துக்கொள்ளுங்கள், எங்களுக்கு நேரம் போதவில்லை.