அமெரிக்காவில் கிரேக்கர்: யாழ்ப்பாணத்து வாசகர் ஒருவரின் நூல் மதிப்பீடு

தியோடோர் சலூட்டோஸ் எழுதி 1964 இல் ஹார்வர்ட் பல்கலைக்கழக அச்சகம் வெளியிட்ட 'அமெரிக்க ஐக்கிய நாடுகளில் கிரேக்கர்' என்னும் ஆங்கில நூல், வெளிநாட்டில் உறவினர் இல்லாத வீட்டைக் காண்பதே அரிதாகிவிட்ட யாழ்ப்பாணத்தில் ஊன்றிப் படிக்கப்பட வேண்டியது. மில்வோக்கி நகரில் கிரேக்கக் குடியேறிகளின் மகனாகப் பிறந்து, லொஸ் ஏஞ்சலிஸில் வரலாற்றுப் பேராசிரியராக விளங்கிய சலூட்டோஸ், தம்முடைய சமூகத்தைப் பற்றியே எழுதியபோதும் அதன் பூசல்களை மூடி மறைக்கவில்லை.

புலப்பெயர்வின் காரணங்களை விளக்கும் தொடக்கப் பகுதிகள் தெளிவானவை. கிரேக்கத்தின் தென்பகுதியான பெலோபொனீச உழவர்கள் உலர்திராட்சை ஏற்றுமதியையே நம்பியிருந்தனர். பிரான்சுச் சந்தை கைநழுவியதும் 1893 அளவில் விலை சரிந்து அவர்கள் கடனில் மூழ்கினர். திருவிதாங்கூர்ச் சந்தையை நம்பிப் புகையிலை பயிரிட்ட நமது தோட்டக்காரருக்குப் பின்னாளில் நேர்ந்ததும் ஏறக்குறைய இதுவே. குடும்பக் கடனை அடைக்கவும் சகோதரிகளுக்குச் சீதனம் தேடவும் புறப்பட்ட அந்த இளைஞர்களுட் பலர் சில ஆண்டுகளில் ஊர் திரும்பும் எண்ணத்துடனேயே கப்பலேறினர் என்பதைப் படிக்கும்போது, பெயர்களை மாற்றினால் இது நமது ஊர்க்கதை என்றே தோன்றுகிறது.

நூலின் உயிர்ப்பகுதி அரசியற் பிளவு பற்றியது. முதலாம் உலகப் போரில் கிரேக்கம் நடுநிலை வகிக்க வேண்டும் என்ற கொன்ஸ்டன்டைன் மன்னருக்கும், நேச நாடுகளுடன் சேர வேண்டும் என்ற பிரதமர் வெனிசெலோசுக்கும் இடையே மூண்ட பகை, கடல் கடந்து நியூயோர்க்கிலும் சிக்காகோவிலும் ஆலைத் தொழிலாளர் நிறைந்த லோவெல் நகரிலும் புகுந்தது. 'அட்லாண்டிஸ்' நாளிதழ் மன்னர் பக்கமும், 1915 இல் தொடங்கிய 'எத்னிகோஸ் கீரிக்ஸ்' வெனிசெலோஸ் பக்கமும் நின்று ஒன்றையொன்று தாக்கின. தேவாலயங்களும் பிளவுபட்டன; ஒரே நகரில் எதிரெதிர்த் திருச்சபைகள் எழுந்தன. 1931 இல் பேராயராக வந்த அத்தெனாகோரஸ் அந்தப் பிணக்கைத் தணிக்கப் பல ஆண்டுகள் உழைத்தார்; அவரே 1948 இல் மரபுவழித் திருச்சபையின் முதன்மைப் பீடமான கொன்ஸ்தாந்திநோப்பிளின் முதுபெரும் தந்தையாகத் தெரிவு செய்யப்பட்டார். புலம்பெயர் நாடொன்றில் கோயில் நிருவாகசபைத் தேர்தல் எதையேனும் அருகிருந்து பார்த்தவர்கள் இப்பக்கங்களைச் சிரிப்பை அடக்கிக்கொண்டே வாசிப்பார்கள்.

பண்பாட்டு அடையாளம் பற்றிய விவாதத்தைச் சலூட்டோஸ் இரண்டு சங்கங்களின் போட்டியினூடாக விளக்குகிறார். 1922 இல் அட்லாண்டாவில் உருவான அஹெப்பா, அந்நியர் மீதான வெறுப்பு வளர்ந்திருந்த சூழலில், ஆங்கிலத்தையே தனது கூட்டமொழியாகக் கொண்டு அமெரிக்கக் குடியுரிமையை வலியுறுத்தியது. அடுத்த ஆண்டே தோன்றிய காபா, தாய்மொழியும் மரபுவழித் திருச்சபையும் போனால் கிரேக்கர் என்று சொல்லிக்கொள்ள எதுவும் எஞ்சாது என்றது. 1924 ஆம் ஆண்டின் குடிவரவுச் சட்டம் கிரேக்கத்திலிருந்து ஆண்டுக்கு 100 பேருக்கு மட்டுமே இடமளித்ததால், புதியவர் வரவு அற்றுப்போன சமூகத்தில் இக்கேள்வி மேலும் கூர்மையடைந்தது. எனினும் ஆசிரியரின் மனம் முதற் சங்கத்தின் பக்கமே சாய்கிறது. வியாபாரத்திலும் தொழில்களிலும் கிரேக்கர் அடைந்த முன்னேற்றத்தை அவர் விவரிக்கும் மனநிறைவில், மொழியை இழந்த பிள்ளைகளின் கதை உரிய இடத்தைப் பெறவில்லை.

பெரிய குறை வேறு. பத்திரிகை, சபை, சங்கம் ஆகியவற்றின் பதிவுகளை மிகுதியாகச் சார்ந்திருப்பதால், பெண்களும் வீட்டு வாழ்க்கையும் இந்நூலில் மங்கலாகவே தெரிகின்றன. தொடக்ககாலக் குடியேறிகளுள் ஆண்களே மிகப் பெரும்பான்மையினர் என்பது உண்மையாயினும், பின்னர் வந்த மனைவியரும் வளர்ந்த மகள்மாரும் இல்லாமல் அச்சமூகம் நிலைத்திருக்க முடியாது. அதோடு, 1965 இல் குடிவரவுச் சட்டம் தளர்ந்தபின் வந்த பெருந்தொகையினர் இதில் இடம்பெற வாய்ப்பே இல்லை.

மலாயாவில் உத்தியோகம் பார்த்து ஓய்வூதியத்துடன் ஊர் திரும்பியவர்களைப் பாட்டன் பூட்டனாகக் கொண்ட வாசகர்கள், அமெரிக்காவிலிருந்து கிரேக்கத்துக்கு மீண்டவர்களை நேரிற் கண்டு இதே ஆசிரியர் 1956 இல் எழுதிய சிறிய நூலை முதலில் வாசிப்பது நல்லது. அதில் மனிதர்களின் குரல் இன்னும் நெருக்கமாகக் கேட்கிறது.