மரக்கதவுக்குச் சுவர் பிரைமர் அடித்து ஏமாற்றினார்கள்: எச்சரிக்கை

வாடிப்பட்டியில் உள்ள எங்கள் பூர்வீக வீட்டுக்கு ஆவணியில் வேப்பமரத்தில் புது நிலையும் கதவும் போட்டோம். பெயிண்ட் வேலையைச் சாமானோடு சேர்த்து 14,000 ரூபாய்க்குப் பேசி, மதுரையிலிருந்து வந்த பெயிண்டர் ஒருவரிடம் ஒப்படைத்தேன். அவர் எழுதித் தந்த சீட்டில் ‘வுட் பிரைமர் இரண்டு கோட்’ (பெயிண்டுக்கு முன் மரத்துக்கு அடிக்கும் அடிப்பூச்சு) என்று இருந்ததை நம்பி, டப்பாவைக் கேட்டுப் பார்க்காமல் இருந்துவிட்டேன்.

ஐப்பசி அடைமழையில் கதவின் கீழ்ப்பக்கம் கொப்புளம் கொப்புளமாகக் கிளம்பியது. நகத்தால் நெம்பியதும் மேலே அடித்த எனாமல் பெயிண்ட் வெங்காயச் சருகுபோல் உரிந்து வந்தது. அதனடியில் இருந்த வெள்ளை மாவு விரலில் ஒட்டியது. கேட்டதற்கு, “மரத்துல ஈரம் இருந்திருக்கும்ணே” என்று போனை வைத்துவிட்டார். கொல்லையில் அவர்கள் விட்டுப்போன சாமான்களைப் புரட்டியபோது அகப்பட்ட ஒரே டப்பாவில் ‘சிமென்ட் பிரைமர்’ என்றே அச்சிட்டிருந்தது.

சிமென்ட் பிரைமர் சுவர்ப் பூச்சுக்கென்று செய்யப்படுவது. மரமோ மழையில் ஊதி வெயிலில் சுருங்குவது. அதற்குள் ஊறிப் பிடித்துக்கொண்டு, அந்த அசைவோடு சேர்ந்து கொடுக்கிற பிரைமர்தான் மேலே வரும் எனாமலைத் தாங்கும். பிரஷைத் தண்ணீரில் கழுவுகிறார்கள் என்பதை மட்டும் வைத்து அது சுவர் பிரைமர் என்று முடிவுகட்ட வேண்டாம், மரத்துக்கென்றே தண்ணீர் கலக்கும் பிரைமரும் கடையில் கிடைக்கிறது. சீல் உடைக்காத டப்பாவை உங்கள் கண்முன்னே திறக்கச் சொல்லி, அதில் மரத்துக்கு என்று எழுதியிருக்கிறதா என்று பாருங்கள்.

எங்கள் ஊர் ஆசாரி கதவைக் கழற்றிப் படுக்க வைத்த பிறகுதான் அடுத்த மோசம் தெரிந்தது. கதவின் அடிவிளிம்பில் ஒரு சொட்டு பிரைமர்கூடப் படவில்லை. மரத்தின் வெட்டுமுகம் தண்ணீரை உறிஞ்சுகிற இடம் அது. வாசல் கழுவும் தண்ணீரும் சாரலும் அந்த வழியாகத்தான் ஏறியிருக்கின்றன. பழையதை முழுக்கச் சுரண்டி, நன்றாகக் காயவிட்டு, 120 நம்பர் உப்புத்தாளால் இழையோட்டத்தின் வாக்கிலேயே தேய்த்து, தூசியைத் துடைத்த பின், டர்பன்டைன் கொஞ்சம் கலந்த வுட் பிரைமரை முதலில் அந்த அடிவிளிம்புக்குத்தான் கொடுத்தார். ஓர் இரவு காய்ந்ததும் சிறு பள்ளங்களைப் பட்டி பூசி அடைத்து, 180 நம்பர் தாள் போட்டு, பட்டி பார்த்த இடங்களும் மூடும்படி இரண்டாவது கோட் அடித்தார்.

இதற்குத் தனியாக 6,500 ரூபாய் ஆனது. முதலில் கொடுத்த பணத்தில் ஒரு ரூபாய்கூடத் திரும்பி வரவில்லை.