பித்தப்பை வடிகாலுக்கு ஹாட் ஆக்ஸியாஸ் ஸ்டென்ட்: அறுவை தாங்காத நோயாளிக்கு எவ்வளவு நம்பலாம்?

கடும் பித்தப்பை அழற்சிக்கு உரிய வைத்தியம் லேப்ராஸ்கோப்பியில், அதாவது சிறு துளை அறுவையில், பித்தப்பையை எடுத்துவிடுவதுதான். இங்கே மதிப்பிடும் ஹாட் ஆக்ஸியாஸ் ஸ்டென்ட், அதாவது திறந்த வழி மூடாமல் தாங்கும் குட்டைக் குழாய், அதற்குப் போட்டி அல்ல. மயக்க மருந்தைத் தாங்காத இதயம், பழுதுபட்ட நுரையீரல், பரவிவிட்ட புற்றுநோய் என்று ஏதோ ஒன்று அறுவைக்குத் தடையாக நிற்கும். அப்போதும் சீழும் பித்தமும் தேங்கி வீங்கிய பையை வடித்தே ஆக வேண்டும். நெடுங்காலமாக அதற்கிருந்த வழி, அல்ட்ராசவுண்டில் பார்த்துக்கொண்டே வயிற்றுத் தோல் வழியாக ஊசி செலுத்தி, நுனி பன்றிவால் போலச் சுருளும் பிக்டெயில் டியூப் போட்டு, வெளியே தொங்கும் பையில் பித்தத்தை வடியவிடுவது. ஹாட் ஆக்ஸியாஸ் வேலை செய்யும் விதம் வேறு. எண்டோஸ்கோப்பின் நுனியிலுள்ள அல்ட்ராசவுண்டால் பித்தப்பையைப் பார்த்து, அதிலிருந்து இரைப்பைக்கோ சிறுகுடலின் முதல் பகுதியான டியோடினத்துக்கோ நேராக ஒரு வாசல் திறக்கிறார்கள். பித்தம் உள்ளுக்குள்ளேயே வடிகிறது. வெளியே டியூபும் இல்லை, பையும் இல்லை.

பாஸ்டன் சயின்டிஃபிக் நிறுவனத்தின் தயாரிப்பு இது. நைட்டினால் என்னும் உலோகக் கலவைக் கம்பியைப் பின்னி முழுக்க சிலிகான் பூசிய ஸ்டென்ட். விரிந்தபின் பார்த்தால் உடுக்கை மாதிரி இரு முனையும் அகன்று நடு ஒடுங்கியிருக்கும். 10 மி.மீ. துளை கொண்டதன் விளிம்பு 21 மி.மீ., 15 மி.மீ. துளை கொண்டதன் விளிம்பு 24 மி.மீ. அகலம். குடல் சுவரையும் பித்தப்பைச் சுவரையும் ஒன்றோடொன்று ஒட்டிப் பிடித்து வைப்பது அந்த விளிம்புகள்தான். குழாய் வடிவ ஸ்டென்டுக்கு இந்தப் பிடிப்பு கிடையாது. சுவர்கள் விலகினால் இடையில் பித்தம் கசியும், ஸ்டென்டும் நழுவும்.

ஸ்டென்டை உள்ளே கொண்டுசெல்லும் மெல்லிய குழாயான கதீட்டரின் நுனியில் மின்சாரத்தால் அறுக்கும் காட்டரி முனை இருக்கிறது. பெயரிலுள்ள 'ஹாட்' அதைத்தான் குறிக்கிறது. முந்தைய வகையில் ஊசி குத்தி, வழிகாட்டும் வயர் விட்டு, பாதையை அகலப்படுத்தி, பிறகு ஸ்டென்டைச் செலுத்த வேண்டும். ஒன்றை எடுத்து ஒன்றை விடும் ஒவ்வொரு முறையும் ஓட்டை வழியே பித்தம் வயிற்றுக்குள் ஒழுக இடமுண்டு. காட்டரி முனை வந்தபின் குத்துவதும் நுழைவதும் ஒரே அசைவில் முடிகிறது. 10 மி.மீ. அளவின் கதீட்டர் 10.8 ஃப்ரெஞ்ச் (மூன்று ஃப்ரெஞ்ச் ஒரு மி.மீ.) தடிமன் என்பதால் 3.7 மி.மீ. சேனல், அதாவது கருவி நுழையும் உள்வழி, உள்ள சிகிச்சை எண்டோஸ்கோப் தேவை. பரிசோதனைக்கு மட்டும் வைத்திருக்கும் மெல்லிய ஸ்கோப்பில் இது நுழையாது. அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்.டி.ஏ. பித்தப்பைக்கு இதை அனுமதித்தது 2023இல். அதற்கு முன் பல ஆண்டுகளாக, கணையத்தைச் சுற்றித் தேங்கும் நீருக்கென வாங்கிய அனுமதியோடு இருந்த ஸ்டென்டைத்தான் பித்தப்பைக்கும் போட்டு வந்தார்கள்.

தோல் வழி டியூபோடு ஒப்பிட்ட ஆதாரம் பலமாகவே இருக்கிறது. 2020இல் 'கட்' (Gut) மருத்துவ இதழில் வெளியான டிராக் 1 ஆய்வு, அறுவைக்கு மிகுந்த ஆபத்துள்ள 80 பேரைக் குலுக்கல் முறையில் இரண்டாகப் பிரித்தது. நோய் தணிவதில் இரண்டு வழியும் சமம்: இரண்டிலும் சுமார் 92 சதவீதம். வித்தியாசம் அதற்குப் பிறகுதான் தெரிகிறது. ஓராண்டுக்குள் பாதகம் நேர்ந்தது ஸ்டென்ட் குழுவில் 25.6 சதவீதம், டியூப் குழுவில் 77.5 சதவீதம். அழற்சி மறுபடி வந்தது 2.6க்கு 20 சதவீதம். திட்டமிடாமல் மறுபடி ஆஸ்பத்திரிக்கு வந்தது 15.4க்கு 50 சதவீதம். முதல் 30 நாள் இறப்பில் மட்டும் குறிப்பிடும்படி வேறுபாடு இல்லை. ஆகவே இந்த ஸ்டென்ட் கூடுதலாக உயிரைக் காக்கிறது என்று சொல்ல முடியாது. அடுத்த ஓராண்டை நோயாளிக்குச் சுலபமாக்குகிறது என்று தாராளமாகச் சொல்லலாம். இரண்டு வசதியும் இருக்கும் இடத்தில் எண்டோஸ்கோப்பி வழிக்கே முன்னுரிமை என்று ஐரோப்பிய எண்டோஸ்கோப்பி சங்கம் 2022இல் பரிந்துரைத்ததும் இதன் அடிப்படையில்தான்.

ஆனால் ஸ்டென்ட் பெட்டியைப் பிரிப்பதற்கு முன் ஒரு கேள்வியை நேர்மையாகக் கேட்டே ஆக வேண்டும்: இவருக்கு அறுவை உண்மையிலேயே முடியாதா, அல்லது நடு இரவில் யாருக்கும் துணிவில்லையா? நெதர்லாந்தில் நடந்து 2018இல் வெளியான சாக்லேட் ஆய்வு, அதிக ஆபத்துள்ள 142 பேரில் லேப்ராஸ்கோப்பி அறுவையையும் தோல் வழி டியூபையும் ஒப்பிட்டது. பெரும் சிக்கல் அறுவைக் குழுவில் 12 சதவீதம், டியூப் குழுவில் 65 சதவீதம். வித்தியாசம் அவ்வளவு பெரிதாக இருந்ததால் ஆய்வையே பாதியில் நிறுத்தினார்கள். மிக மோசமான நிலையில் இருந்தவர்களை அதில் சேர்க்கவில்லை என்பது உண்மைதான். என்றாலும் 'ஹை ரிஸ்க்' என்று கேஸ் ஷீட்டில் எழுதியிருப்பதை மட்டும் பார்த்து வடிகாலுக்கு அனுப்புவது நோயாளிக்குச் செய்யும் அநியாயம். அறுவை மருத்துவரும் மயக்க மருத்துவரும் நோயாளியைப் படுக்கையருகே பார்த்துச் சொன்ன பிறகே இந்தப் பேச்சு எழ வேண்டும்.

அறுவை இல்லை என்று முடிவானபின் ஸ்கேனில் பார்க்க வேண்டிய எண் ஒன்றுதான். ஸ்டென்டின் இடுப்பு, அதாவது ஒடுங்கிய நடுப்பகுதி, 10 மி.மீ. நீளம். குடலின் உட்பரப்பிலிருந்து பித்தப்பையின் உட்குழி வரை உள்ள தூரம் அதற்குள் இருக்க வேண்டும். அழற்சியில் பித்தப்பைச் சுவர் தடித்திருக்கும். அதையும் சேர்த்தே அளக்க வேண்டும். எண்டோஸ்கோப்பை அழுத்திப் பிடிக்கும்போது 8 மி.மீ. காட்டும் தூரம், கையைத் தளர்த்தியதும் கூடிவிடும். தளர்த்தியும் ஒருமுறை அளப்பது நல்லது. பித்தப்பை புடைத்திருப்பதும் முக்கியம்; சுருங்கிய பைக்குள் உள்விளிம்பு விரிய இடமிருக்காது. வயிற்றில் நிறைய நீர் கட்டியிருந்தாலோ, ரத்த உறைவுக் கோளாறைச் சரிசெய்ய முடியாவிட்டாலோ இந்த வழி சரிவராது. அவர்களுக்கு இ.ஆர்.சி.பி. மூலம், அதாவது எண்டோஸ்கோப்பால் பித்தநாளத்தின் வாயை அணுகி, அந்த நாளம் வழியாகவே பித்தப்பைக்குள் சன்னமான பிளாஸ்டிக் ஸ்டென்ட் வைக்கப் பார்க்கலாம். வளைந்து நெளிந்த பித்தப்பை நாளத்தில் கல் அடைத்திருந்தால் வயர் போகாது என்பதுதான் அதிலுள்ள சங்கடம்.

அடுத்து, எந்த இடத்தில் குத்துவது? டியோடினம் பின்சுவரோடு ஒட்டி நிலையாக இருக்கிறது. அங்கே வைத்த ஸ்டென்ட் அசைவதும் உணவால் அடைபடுவதும் குறைவு. இரைப்பையின் அடிப்பகுதி ஓயாமல் அசைகிறது. ஸ்டென்ட் நழுவவோ சதைக்குள் புதையவோ வாய்ப்பு கூடுதல். ஆனால் பின்னாளில் உடம்பு தேறி அறுவை செய்யும் நிலை வந்தால் இரைப்பையிலுள்ள ஓட்டையை மூடுவது அறுவை மருத்துவருக்குச் சுலபம், டியோடினத்தில் கடினம். இனி அறுவையே இல்லை என்றால் டியோடினம். சிறிதளவேனும் வாய்ப்பிருந்தால் இரைப்பை. இதை முன்கூட்டியே அறுவைக் குழுவோடு பேசி வைத்திருந்தால் ஸ்கோப்பைக் கையில் வைத்துக்கொண்டு யோசிக்க வேண்டியிருக்காது.

கைப்பிடியின் வடிவமைப்பு இந்தச் சாதனத்தின் பெரிய பலம். கைப்பிடியின் திருகுப் பூட்டான லூயர் லாக்கை ஸ்கோப் சேனலின் வாயில் திருகிப் பொருத்தியபின் ஒருவரே இயக்கலாம். நான்கு படிகளும் கைப்பிடியிலேயே எண்ணிட்டிருக்கும். முதலில் கதீட்டர் பூட்டைத் திறந்து, அறுக்கும் மின்னோட்டத்தை மட்டும் 80 முதல் 120 வாட் வரை வைத்து, பெடலை மிதித்த பிறகே தள்ள வேண்டும். மின்சாரம் பாயுமுன் தள்ளினால் முனை அறுக்காது, பித்தப்பைதான் விலகிப் போகும். முனை பையின் நடுவில் தெரிந்ததும் பெடலை விட்டு, கதீட்டரைப் பூட்ட வேண்டும்; எதிர்ச் சுவர் வரை விடக் கூடாது. இரண்டாவதாக, மஞ்சள் கிளிப்பை எடுத்துவிட்டு, கைப்பிடியில் ஸ்டென்டை விரிக்கும் பகுதியை மேலே இழுத்தால் பாதி வழியில் நின்றுவிடும், உள்விளிம்பு விரிந்திருக்கும். மூன்றாவது படியில் அவசரம் கூடவே கூடாது. பூட்டைத் திறந்து கதீட்டரை மெல்லப் பின்னிழுக்க, விரிந்த விளிம்பு பித்தப்பைச் சுவரில் படிந்து சற்றே நசுங்கித் தெரியும். அது தெரியாமல் அடுத்த படிக்குப் போகக் கூடாது. இன்னும் இழுத்தால் விளிம்பே பித்தப்பையை விட்டு வெளியே வந்துவிடும். நான்காவதாக, வெளிவிளிம்பை ஸ்கோப் சேனலுக்குள்ளேயே விரியவிட்டு, ஸ்கோப்பைச் சற்றுப் பின்னே எடுத்தபடி கதீட்டரை முன்தள்ளி வெளியே விட வேண்டும். கறுத்த பித்தமோ சீழோ குபுகுபுவென்று வந்தால் சரியான இடத்தில் இருக்கிறது என்று அர்த்தம். அந்தத் திரவத்தில் கொஞ்சம் கிருமியை வளர்த்துப் பார்க்கும் கல்ச்சர் சோதனைக்கு அனுப்ப வேண்டும். இவ்வளவு நேரமும் உள்ளே செலுத்துவது கார்பன் டை ஆக்சைடாகவே இருக்கட்டும். சாதாரணக் காற்று வயிற்றறைக்குள் கசிந்தால் சீக்கிரத்தில் கரையாது.

வயர் இல்லாமல் நேராகக் குத்தலாமா? பெரிதாகப் புடைத்து அருகிலேயே இருக்கும் பித்தப்பைக்கு அது வேகமான வழி, ஒழுகலும் குறைவு. ஆனால் வெளிவிளிம்பு குடலுக்குள் விரியாமல் இரண்டு சுவருக்கும் நடுவே வயிற்றறையில் விரிந்துவிடுவதுதான் இந்தச் சிகிச்சையின் மோசமான விபத்து. உள்ளே வயர் சுருண்டு கிடந்தால், அதன் மேலேயே முழுதும் மூடிய குழாய் ஸ்டென்ட் ஒன்றைச் செலுத்தி இரண்டு ஓட்டையையும் இணைத்துவிடலாம். வயர் இல்லையென்றால் நேராக அறுவை அரங்குக்குத்தான், அதுவும் அறுவையே ஆகாது என்று ஒதுக்கிய நோயாளியோடு. குத்தியதும் ஸ்டென்ட் கதீட்டர் வழியாகவே வயரை உள்ளே சுருட்டிவிட்டு, பிறகு விளிம்புகளை விரிப்பது நல்ல சமரசம். அந்த மீட்பு ஸ்டென்ட் அறைக்குள் தயாராக இல்லாவிட்டால் தொடங்கவே கூடாது.

அளவில் 10 மி.மீ. பெரும்பாலோர்க்குப் போதும். கல் பெரிதாக இருந்தால் 15 பயன்படும். அதே துளை வழியாக உணவும் உள்ளே புகும் என்பதை மறக்கக் கூடாது. பித்தப்பை வடிந்து சுருங்கியதும் எதிர்ச் சுவர் ஸ்டென்டின் உள்விளிம்பில் உராயும். அதனால் ரத்தக் கசிவும் அடைப்பும் வரும். ஸ்டென்டுக்குள்ளே 7 ஃப்ரெஞ்ச் இரட்டை பிக்டெயில் பிளாஸ்டிக் ஸ்டென்ட் ஒன்றை வைத்தால் இடைவெளி காக்கப்படும். இதன் பலன் எல்லோரிடமும் உறுதியாக நிரூபணமாகவில்லை. என்றாலும் சிறிய பித்தப்பைக்கு வைப்பதே சரி. நாலு வாரத்தில் பாதை முதிர்ந்தபின் அதே வாசல் வழியாக மெல்லிய எண்டோஸ்கோப்பை பித்தப்பைக்குள் விட்டுக் கல்லை உடைத்து எடுக்கலாம். தோல் வழி டியூபில் இவ்வளவு சுலபமாக முடியாது. பிறகு உலோக ஸ்டென்டை எடுத்துவிட்டு பிளாஸ்டிக் ஸ்டென்டை நிரந்தரமாக விடுவதுதான் ஆயுள் மிச்சமிருப்பவர்க்கு உகந்தது. உலோகம் நாளாக நாளாகச் சதைக்குள் புதையும், பக்கத்து ரத்தக் குழாயை அரிக்கும். கறுப்பாக மலம் போனாலோ திடீரென்று ரத்தச் சிவப்பணு குறைந்தாலோ ரத்தக் குழாய்களைக் காட்டும் சி.டி. ஆஞ்சியோ ஸ்கேன் எடுக்கத் தாமதிக்கக் கூடாது.

இவ்வளவு சொன்ன பிறகும் தோல் வழி டியூபின் இடம் பறிபோகவில்லை. ரத்த அழுத்தம் சரிந்து, வென்டிலேட்டரில் கிடக்கும் நோயாளியை எண்டோஸ்கோப்பி அறைக்கு நகர்த்துவதே ஆபத்து. அவருக்குப் படுக்கையிலேயே, மரப்பு ஊசி மட்டும் போட்டு, 18 கேஜ் ஊசியும் 0.035 அங்குல வயரும் 8 அல்லது 10 ஃப்ரெஞ்ச் பூட்டும் பிக்டெயிலும் கொண்டு சீழை இறக்கிவிடலாம். கல்லீரல் வழியே போனால் பித்தக் கசிவு குறைவு. ரத்தம் உறையாதவருக்குக் கல்லீரலைத் தவிர்த்துப் போவது நல்லது. நுனி சுருண்டு நூல் பூட்டிய பிறகே பையை முழுக்கக் காலி செய்ய வேண்டும். எக்ஸ்ரேயில் தெரிவதற்கான காண்ட்ராஸ்ட் திரவத்தை முதல் நாளே அழுத்தி ஏற்றினால் கிருமி ரத்தத்தில் கலக்கும். தினமும் 5 மி.லி. சலைன் விட்டு டியூபைக் கழுவ வேண்டும். பாதை முதிர 3 முதல் 6 வாரமாகும். அதற்குள் குழப்ப நிலையிலுள்ள முதியவர் கையால் பிடித்து இழுத்துவிடுவதும், டியூப் இடம் மாறுவதும்தான் டிராக் 1 ஆய்வில் டியூப் குழுவின் பாதகக் கணக்கை ஏற்றிவிட்ட பிரச்சினைகளில் முக்கியமானவை. எந்த வழியில் வடித்தாலும் 48 முதல் 72 மணி நேரத்தில் காய்ச்சல் இறங்காவிட்டால் ஆன்டிபயாடிக்கை மாற்றிக்கொண்டே உட்கார்ந்திருக்கக் கூடாது. பை அழுகியிருக்கலாம், ஓட்டை விழுந்திருக்கலாம், கிருமியின் மூலம் வேறெங்காவது இருக்கலாம். ஸ்கேனை மறுபடி எடுக்க வேண்டும்.

தோல் வழி டியூப் போட்டவருக்கு பிற்பாடு இந்த ஸ்டென்டுக்கு மாறவும் வழியுண்டு. டியூபைச் சிறிது நேரம் அடைத்து, அதன் வழியாகவே சலைன் ஏற்றிப் பித்தப்பையைப் புடைக்க வைத்து, எண்டோஸ்கோப் பக்கமிருந்து ஸ்டென்டைப் போடுவார்கள். வெளி டியூபை அன்றே உருவுவதைவிட, மூடி வைத்திருந்து ஸ்டென்ட் நன்றாக வடிகிறது என்று உறுதியான பிறகு எடுப்பது பத்திரம்.

டிஸ்சார்ஜ் குறிப்பில் ஸ்டென்டின் அளவு, வைத்த தேதி, இரைப்பையா டியோடினமா என்ற விவரம், உள்ளே பிளாஸ்டிக் ஸ்டென்ட் இருக்கிறதா, எடுக்க வேண்டிய தேதி ஆகியவற்றைத் தவறாமல் எழுதிக் குடும்பத்தார் கையில் கொடுக்க வேண்டும். வெளியே டியூப் தொங்காததால், உள்ளே ஸ்டென்ட் இருப்பது அடுத்து பார்க்கும் மருத்துவருக்கு அந்தக் காகிதம் இல்லாமல் தெரிய வழியில்லை.